கொடும்பாவிச் செலவு

வீட்டுக்கு நூற்றைம்பது என்று நோட்டில் ஏற்றினேன்.
வைக்கோல் இரண்டு கட்டு, காசில்லை.
மூங்கில், பானை, சுண்ணாம்பு: இருநூற்றுப் பத்து.
பானையில் முகம் எழுதிய பெயின்டர் தொட்டப்பன்
மீசை வைக்கட்டுமா என்று கேட்டான்.
பாவிக்கு மீசை உண்டா, யாருக்கும் தெரியவில்லை.

மூன்று ஆடி காய்ந்து போயிற்று.
ஆயிரத்து இருநூறு அடியில்
போர்க்குழாய் புழுதியைத் துப்பியது.
மாரண்டஅள்ளிப் பக்கம் மாடுகளை
அடிமாட்டு விலைக்குத் தள்ளிவிட்டு
கயிற்றை மட்டும் தோளில் போட்டு நடந்து வந்தார்கள்.
அந்தக் கயிறுகளைத்தான் முறுக்கிச் சேர்த்தோம்,
பாவியை இழுக்க.

ஊரில் யாரோ செய்த பாவம் என்றார்கள் கூட்டத்தில்.
'யாரோ' என்ற சொல்
என் பக்கம் வந்து சற்று நின்று
அடுத்த ஆளிடம் போனது.

பாவிக்குச் சட்டை வேண்டும்.
பழையது கொடுக்கவும் பயம்;
உடுத்தியவன் ஆயுசு போய்விடுமாம்.
கந்தம்மா ஒரு பாலித்தீன் பையோடு வந்தாள்.
பைமேல் பெங்களூர் ஆஸ்பத்திரியின் எண்.
உள்ளே கட்டம் போட்ட சட்டை,
காலர் மடிப்பில் இன்னும் செம்மண்.
'அய்யோ, மாதேசா பாவி?' என்றாள் ஒருத்தி.
'பாவிக்கு அழ ஊரே வருதில்ல,
அது போதும்.'
தொட்டப்பன் பேசாமல் மீசை வரைந்தான்.

பங்குனியில் மாதேசு வந்தது
சைரனை அணைத்த ஆம்புலன்சில், இரவு இரண்டு மணிக்கு.
அஸ்திவாரக் குழியில் மண் சரிந்திருந்தது.
சத்தம் வேண்டாம், கேஸ் ஆனால் பணம் வராது
என்றான் மேஸ்திரி.
விடிவதற்குள் எரித்தோம். பறை இல்லை.
அவள் வாயில் முந்தானையைத் திணித்துப் பிடித்திருந்தாள்
நாத்தனார்.
காகிதத்தில் சாட்சி நான்.
'தன் கவனக்குறைவால்' என்று கன்னடத்தில் இருந்ததாம்;
பிறகொருவன் படித்துச் சொன்னான்.
வழிச்செலவுக்கு என்று என் பையில்
ஐயாயிரம் விழுந்தது.

தெருத் தெருவாய் இழுத்தோம்.
முதல் முச்சந்தியில் மாரடித்த பெண்களிடம்
கொஞ்சம் சிரிப்பும் இருந்தது.
பள்ளிக்கூடத் திருப்பத்தில் பாட்டு மாறியது.

மண்ணுக்குள்ள போனவரே
மழவாசம் தெரியுதா
ஒங்க மேல விழுந்த மண்ணு
ஒரு சொட்டு குடிச்சுதா

பறைக்காரன் கை தடுமாறி,
அவள் மூச்சைப் பிடித்துக்கொண்டு அடிக்கத் தொடங்கினான்.
அப்புறம் ஒவ்வொருத்தியாய்.
கிணற்றில் இறங்கித் திரும்பாத தம்பி,
ஓசூர் ரோட்டில் லாரி தட்டிய மகள்,
பெயர் வைக்குமுன் போன ஒன்று.
அவரவர் செத்தவரை
அந்த ஒரே சட்டைக்குள் நுழைத்தார்கள்.
வைக்கோல்தான். ஆனால் கனத்தது.
மாட்டுக்கயிறு என் உள்ளங்கையை அறுத்தது.

ஏரியில் இறக்கினோம்.
ஏரி என்றால் வெடித்த சேறு, வேலிக்கருவை.
கொள்ளி வைக்க மொட்டை போட்ட ஒருவன் வேண்டும்.
ஆளாளுக்குப் பார்த்துக்கொண்டார்கள்.
நான் தலையைக் குனிந்து கொடுத்தேன்.
பிளேடு, பதினைந்து ரூபாய்.
அதையும் எழுதினேன்.

மூன்றாம் நாள் சாம்பலுக்குப் பால் தெளித்தோம்.
அன்று மாலை ராயக்கோட்டை பஸ்
நனைந்து வந்து நின்றது.
பிள்ளைகள் ஓடிப்போய்
பஸ்ஸைத் தொட்டுத் தொட்டுப் பார்த்தார்கள்.
எங்களுக்கு வெறும் காற்று.

கணக்கு வாசிக்கையில்
வரவில் ஐயாயிரம் கூடுதல்.
பெயருக்கு நேரே எழுதியிருந்தேன்:
பாவி வீட்டார்.
யாரும் எதுவும் கேட்கவில்லை.
கந்தம்மா நோட்டை வாங்கி
எழுத்துக் கூட்டிப் படித்தாள், இரண்டு தரம்.
பேனாவை என் பக்கம் தள்ளினாள்.

'இதுக்கும் ஒரு
சாட்சிக் கையெழுத்து போடு.'